கடைசி மொட்டைத் தகடு

தகடுக்காரியின் உடம்பில் ஆறு இடங்களில் நான் எலும்பு கட்டியிருக்கிறேன். நான்கு அவள் புருஷன் உடைத்தது. ஒன்று வேலையில் சேர்ந்த புதிதில் ஏணியிலிருந்து தவறி விழுந்து அவளே உடைத்துக்கொண்டது. கடைசி ஒன்று அவள் பெற்ற மகன் உடைத்தது. ஊரில் அவளைப் பற்றி ஆளுக்கொரு கதை சொல்கிறார்கள். பைத்தியக்காரி என்பவர்கள் உண்டு, துரோகி என்பவர்கள் உண்டு. அவர்களில் ஒருவரும் அவள் எலும்பைத் தொட்டுப் பார்த்தவர்கள் இல்லை. நான் பார்த்தவள், அதனால் நான் சொல்வதைக் கேளுங்கள்.

எங்கள் ஊரில் தேதி சொல்ல எண் கிடையாது. சின்ன நிலா பெரிய நிலாவின் பின்னால் போய் மறைகிற அன்று ஆண்டு பிறக்கும். மறுபடி அது மறைய முந்நூற்று அறுபது நாள் ஆகும். நாள் மண்டபத்துச் சுவரில் பன்னிரண்டு வரிசை, வரிசைக்கு முப்பது செப்புத் தகடு. ஊர் தொடங்கியபோது எல்லாமே வெறும் தகடுகள். பாலத்துக்கு அந்தப் பக்கத்து ஊரோடு சண்டைக்குப் போய்ச் செத்தவர்களில் ஒருவனை நாள் சபை தேர்ந்தெடுத்து, அவனை ஊர் கூப்பிட்ட பெயரை ஒரு தகட்டில் வெட்டும். அன்றிலிருந்து அது அவன் நாள். கட்டைவிரல் நாளில் கல்யாணம் என்போம். நெட்டையன் நாளுக்குள் கூரையை மாற்று என்போம். ஒருத்தி செவிடன் நாளில் பிறந்தவளாக இருந்தால், பிறகு எப்படிச் சொன்ன பேச்சைக் கேட்பாள் என்று சிரிப்போம். பெயர் ஏறாத தகட்டுக்கு மொட்டை என்று பெயர். மொட்டை நாளில் பிறந்த பிள்ளைகளைப் பள்ளிக்கூடத்தில் தலையில் தட்டிக் கேலி செய்வார்கள். நானும் நிறையத் தட்டு வாங்கியிருக்கிறேன்.

பாலத்துக்கு அந்தப் பக்கமும் இதே மாதிரி ஒரு சுவர் இருக்கிறது. அவர்கள் தகடுகளை நிரப்பிக் கொடுத்தவர்கள் நம் ஆட்கள், நம் தகடுகளை நிரப்பியவர்கள் அவர்கள். இதை நான் வாய்விட்டுச் சொன்னால் முறைப்பார்கள். முறைக்கட்டும், நாளைக்குக் கை உடைந்தால் என்னிடம்தானே வர வேண்டும்.

என் சின்ன வயதில் ஒரு கூத்து நடந்தது. சண்டையில் கால் உடைந்து பள்ளத்தில் கிடந்த ஒருவனைச் செத்துவிட்டான் என்று நினைத்து, சபை அவன் பெயரைத் தகட்டில் வெட்டிவிட்டது. ஒன்பதாம் நாள் அவன் தவழ்ந்தே வீடு வந்து சேர்ந்தான். சபை மூன்று நாள் கூடிப் பேசியது. வெட்டிய பெயரை அழித்தால் அழித்த கையை வெட்ட வேண்டும் என்பது சட்டம். யாருக்கும் கையை இழக்க மனசில்லை. ஆகவே தகடு பொய் சொல்லாது, அவன் செத்தவன்தான் என்று தீர்ப்பாயிற்று. செத்தவன் ஆயுதம் தொடக்கூடாது, பாலத்தில் கால் வைக்கக்கூடாது, சபையில் அவன் சொல் எடுபடாது. அவன் சாயப்பட்டறையில் துணி அலசிக்கொண்டு இன்னும் பதினோரு வருஷம் செத்தவனாகவே வாழ்ந்தான். நான் தொழிலுக்கு வந்த புதிதில் அவனுக்கு ஒரு கடைவாய்ப் பல் பிடுங்கினேன். அவன் போட்ட கத்தல் செத்தவன் போடுகிற கத்தலாக இல்லை.

தகடுக்காரி முதலில் என்னிடம் வந்தபோது தகடுக்காரி இல்லை. இருபது வயது. பூட்டுப் பட்டறையில் பூட்டுகளில் எண் வெட்டிக்கொண்டிருந்தாள். பிறவி இடது கைக்காரி. இடது கையில் உளியைப் பிடித்தால் மயிர் கனத்துக்குக்கூடக் கோடு பிசகாது என்று பட்டறையில் பேர் வாங்கியிருந்தாள். அன்று கழுத்துக்குக் கீழே காறை எலும்பு இரண்டாகி நின்றது.

"படியில விழுந்துட்டேன் அக்கா."

"எந்தப் படியில? உங்க வீட்டுல படியே கிடையாதேடி."

சிரித்துவிட்டாள். சிரித்ததில் எலும்பு அசைந்து அலறினாள். அவள் புருஷன் தானியக் கிடங்கில் மூட்டை தூக்குகிறவன். அவன் கை வீச்சுக்கு ஊர் வைத்த பெயர் இடி. அடுத்த வருஷம் தாடை. அதற்கடுத்து விலா, அப்போது அவள் ஆறு மாதம் கர்ப்பம். நான்காவதாக இடது மணிக்கட்டு. பெண்டாட்டி இடது கையால் சம்பாதிப்பதைக் கிடங்கில் யாரோ கிண்டல் செய்தார்களாம். வீட்டுக்கு வந்தவன் அவள் கையைக் கதவிடுக்கில் வைத்துக் கதவைச் சாத்தினான். எலும்பு கூடுவதற்குள் அவள் வலது கையால் வெட்டப் பழகிக்கொண்டாள். இடது கையைப் பிறகு வெளியில் நீட்டவே இல்லை.

மகனுக்கு நான்கு வயதானபோது இடி பாலம் தாண்டிப் போனான், திரும்பவில்லை. அவன் ஐந்து பேரை எதிர்த்து நின்று மாண்டான் என்று சபையில் எழுதி, அவனுக்கு ஒரு நாளும் கொடுத்தார்கள். கூடப் போனவனுக்கு நான் தோள்பட்டையைக் கட்டும்போது வேறு கதை சொன்னான். "கீழே விழுந்துட்டவனை மிதிச்சுக்கிட்டே இருந்தான் அக்கா. வாடா போலாம்னா கேக்கல. விழுந்தவனோட அம்மா பின்னாடி வந்து கதவுக் கட்டையால மண்டையில போட்டா. ஒரே போடு." அந்த அம்மாவுக்கு நான் மனசுக்குள் கும்பிடு போட்டேன். இதைச் சொல்ல எனக்கு வெட்கமில்லை.

நாள் வாங்கியவனின் பெண்டாட்டிக்கு மண்டபத்தில் வேலை கொடுப்பது வழக்கம். பழைய தகடு வெட்டி இறந்துபோயிருந்ததால், எழுத்து வெட்டத் தெரிந்த இவளுக்கு அந்த வேலை வந்தது. சோதனைக்கு முதல் தகடு அவள் புருஷன் பெயர். இடி. இரண்டே எழுத்து. செம்பு பின்பக்கம் புடைத்துக்கொள்ளும் அளவுக்கு ஆழமாக வெட்டினாள். சபைத் தலைவர் கண் கலங்கி, "புருஷன் மேல எவ்வளவு பாசம் பாருங்கய்யா" என்றாராம். என்னிடம் வந்து இதைச் சொல்லி வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். ஒவ்வொரு வருஷமும் இடி நாளில் அவளை மண்டபத்து நாற்காலியில் உட்கார வைத்து ஊரே வந்து வாழ்த்தும். அன்று அவளுக்கு விலா வலிக்கும்.

தகடு வெட்டுகிறவளுக்கு ஒரு பாதுகாப்பு இருந்தது. அவள் உயிரோடு இருக்கும்வரை வேறு யார் வெட்டினாலும் அது நாள் ஆகாது. வெட்டுகிறவளைக் கொன்றவனின் வம்சத்துக்கே தகடு கிடையாது. அவளை அடிக்க ஓங்கிய பல கைகளை இந்தச் சட்டம்தான் இறக்கியது.

பதினைந்து வருஷத்தில் அவள் நாற்பத்து மூன்று பெயர் வெட்டினாள். ஒவ்வொன்றையும் வெட்டிவிட்டு வந்து என் வீட்டுப் பின்கட்டில் உட்கார்ந்து கை கழுவுவாள். "இவன் அம்மா என்கூடப் பட்டறையில இருந்தவ" என்பாள். "இவனுக்குப் பதினேழு" என்பாள். கடைசியில் சுவரில் ஒரே ஒரு மொட்டைதான் மிச்சம். எட்டாம் வரிசை, பதினோராம் தகடு.

அந்த ஒரு தகட்டுக்காக ஊருக்கே கிறுக்குப் பிடித்தது. தலைவர் எழுபது பேரைப் பாலம் தாண்டி அனுப்பப்போவதாகவும், செத்தவர்களில் சிறந்தவனுக்குக் கடைசி நாள் என்றும் முரசு அடித்துச் சொன்னார். எழுபது இடத்துக்கு இருநூறு பேர் மோதினார்கள். எதிரி வருவதற்கு முன்பே எனக்கு வேலை வந்துவிட்டது. ரொட்டிக்கடைக்காரர் மகனைச் சொந்தத் தெருக்காரனே கோடரியால் வயிற்றில் போட்டான். சரிந்த குடலை நான் இரண்டு கையாலும் உள்ளே தள்ளிக்கொண்டிருந்தபோது அவன் கேட்டது ஒன்றே ஒன்றுதான். "எனக்கு நாள் கிடைக்குமா?" சொந்த ஊர்க்காரன் கையால் செத்தால் கிடையாது. கிடைக்கும் என்று பொய் சொன்னேன். என் மேஜையிலேயே போய்ச் சேர்ந்தான்.

அதற்கு மறுநாள் தகடுக்காரியின் மகன் வந்தான். வாலு என்றால்தான் எல்லோருக்கும் தெரியும். சின்னதில் செய்த சேட்டைக்கு வைத்த பெயர். பத்தொன்பது வயதில் ஆறடி வளர்ந்தும் போகவில்லை. புருவம் கிழிந்து கண்ணுக்குள் ரத்தம் இறங்கிக்கொண்டிருந்தது. முகம் முழுக்கச் சிரிப்பு.

"பெரியம்மா, சீக்கிரம் தைங்க. பட்டியல்ல என்னைச் சேர்த்துட்டாங்க!"

"உன் வாயெல்லாம் என்னடா ரத்தம்?"

"அது என்னுது இல்ல. ஒருத்தன் காதைக் கடிச்சுட்டேன்."

"காது எங்கே?"

"துப்பிட்டேன்."

ஊசியைக் கோத்தேன். "உங்கம்மா உடம்புல உங்கப்பன் நாலு எலும்பை உடைச்சான், தெரியுமாடா உனக்கு? அவன் பக்கத்துலதான் உன் பேரும் வரணுமா?" என்று கேட்டுவிட்டேன். பதினைந்து வருஷமாக அவள் அவனிடம் சொல்லாத விஷயம். தெருவில் இடியின் மகன் என்று தலை நிமிர்ந்து நடக்கிற பிள்ளையின் தலையைத் தாழ்த்த அவளுக்கு மனசு வரவில்லை. அவள் செய்த பெரிய தப்பு அதுதான்.

வாலுவின் சிரிப்பு நின்றது. "வீரன்னா கோபம் இருக்கத்தான் செய்யும்" என்றான். நூலை வேண்டுமென்றே ஒரு இழுப்பு அதிகமாக இழுத்தேன். அவன் முகம் சுளிக்கவில்லை.

அவளிடம் போய் நடந்ததைச் சொன்னேன். போகாதே என்று தானும் சொல்லிப் பார்த்ததாகச் சொன்னாள். காலைப் பிடித்தும் கெஞ்சினாளாம். அவன் காலை உதறியதில் அவள் உதடு கிழிந்திருந்தது. பிறகு சம்பந்தமில்லாமல் ஒன்று கேட்டாள்.

"அந்தச் சாயப்பட்டறைக்காரன் எத்தனை வருஷம் இருந்தான் அக்கா?"

"செத்த பிறகா? பதினோரு வருஷம்."

"நல்லா சாப்பிட்டானா?"

"பல் பிடுங்கின அன்னிக்கே ரொட்டி கேட்டான். ஏண்டி?"

"சும்மாதான்" என்றாள். எனக்கு அப்போது ஒன்றும் உறைக்கவில்லை.

கிளம்புவதற்கு முந்தின நாள் மதியம், எழுபது பேரையும் மண்டபத்து முற்றத்தில் வரிசையாக நிறுத்தி ஆயுதம் கொடுத்தார்கள். ஆளுக்கொரு கட்டுத்துணிச் சுருள் கொடுக்க நானும் போயிருந்தேன். வாலுவுக்குக் கோடரி. அதன் கூரை விரலால் தடவிப் பார்த்துக்கொண்டிருந்தான். தலைவர் வீரத்தைப் பற்றி நீட்டி முழக்கிக்கொண்டிருந்தார். அப்போது உள்ளேயிருந்து உளிச் சத்தம் கேட்டது.

முதலில் யாரும் கண்டுகொள்ளவில்லை. பிறகு தலைவர் பேச்சை நிறுத்தினார். வெட்டுவதற்கு அங்கே பெயர் எதுவும் இல்லையே என்பது அவர் மூளைக்கு எட்ட அவ்வளவு நேரம் ஆயிற்று. எல்லோரும் உள்ளே ஓடினோம். அவள் ஏணி மேல் நின்று தகட்டுத் தூளை ஊதிவிட்டுக்கொண்டிருந்தாள். எட்டாம் வரிசை, பதினோராம் தகடு. வாலு. அதுவும் இரண்டே எழுத்து.

"என்ன காரியம்மா பண்ணிட்டே!" என்று தலைவர் கத்தினார்.

"பேர் வெட்டிட்டேன் ஐயா. அழிக்கணும்னா அழிங்க. கையை நீட்டுறவங்க யாரு?"

ஒருவரும் நீட்டவில்லை. சபை தீர்மானம் போடாமல் வெட்டக்கூடாது என்று சட்டத்தில் ஒரு வரி இருக்கிறதா என்று தலைவர் எழுத்தரைப் பார்த்தார். எழுத்தர் இல்லை என்று தலையாட்டினார். அப்படி ஒருத்தி செய்வாள் என்று யாரும் கனவில்கூட நினைத்ததில்லை. கோடரியைக் கொடுத்த அதே ஆள் வந்து வாலுவின் கையிலிருந்து அதைப் பிடுங்கிக்கொண்டான். செத்தவனுக்கு எதற்குக் கோடரி?

யாரோ ஒருவன் சிரித்தான். "டேய், பொணம் நிக்குது பாரு" என்றான் இன்னொருவன். காது போனவன் வாலுவின் முகத்தில் காறித் துப்பினான். வாலு ஒரே தாவாகத் தாவி ஏணியை உதைத்தான். அவள் கல் தரையில் வந்து விழுந்தாள். அவன் அவள் சுத்தியலை எடுத்தான். அவள் வலது கையைத் தரையில் விரித்துவைத்து முட்டியால் அழுத்திக்கொண்டான். ஒரு அடி. இரண்டாவது அடி. அவளால் கத்த முடியவில்லை, வாய் மட்டும் திறந்திருந்தது. மூன்றாவது அடியில் எலும்பு நொறுங்கிய சத்தம் எனக்குக் கேட்டது. அந்தச் சத்தம் எனக்கு நன்றாகத் தெரியும். சுற்றி நின்றவர்களில் சிலர் கைதட்டினார்கள். அவர்களை நான் இன்றைக்கும் மன்னிக்கவில்லை. பிறகு மற்ற அறுபத்தொன்பது பேரும் சேர்ந்து வாலுவை மிதித்தார்கள். தங்கள் நாளை அவன் தட்டிப் பறித்துவிட்டான் என்ற கோபம் அவர்களுக்கு. அவளை மட்டும் தொடவில்லை. வம்சத்துக்குத் தகடு கிடைக்காதே.

இரண்டு பேரையும் ஒரே தள்ளுவண்டியில் போட்டு என் வீட்டுக்குக் கொண்டுவந்தேன். அவள் கை பதினோரு துண்டாகியிருந்தது. இரண்டு விரல்களை எடுக்க வேண்டியதாயிற்று. எலும்பை இழுத்து நேராக்க இன்னொரு ஆள் வேண்டும். யாரும் வரமாட்டார்கள். முகம் வீங்கி மூலையில் கிடந்தவனின் சட்டையைப் பிடித்துத் தூக்கினேன்.

"வந்து புடிடா."

"நான் மாட்டேன்."

"நீ செத்தவன். செத்தவன் பேச்சு எடுபடாது. புடி."

அவள் தோளைப் பிடித்தான். நான் அவன் கையை எடுத்து அவள் காறை எலும்பின் மேல் வைத்து அழுத்தினேன். "இந்த முடிச்சு தெரியுதா? இது உங்கப்பன்." தாடைக்கு நகர்த்தினேன். "இது உங்கப்பன்." விலாவுக்கு நகர்த்தினேன். "இது உங்கப்பன், அப்போ நீ வயித்துல இருந்தே." இடது மணிக்கட்டுக்குக் கொண்டுபோனேன். அங்கே எலும்பு ஒரு மேடாகக் கூடியிருக்கும். "இதுவும் உங்கப்பன். இந்தக் கையாலதான் அவ முதல்ல எழுத்து வெட்டினா. இப்போ அந்தக் கையைப் புடி. அது நீ." அவன் அவள் வலது கையைப் பிடித்தான். நான் இழுத்தேன். அவள் அலறினாள். அவன் தரையெல்லாம் வாந்தி எடுத்தான். ஆனாலும் கையை விடவில்லை.

மயக்கம் தெளிந்ததும் அவள் கேட்ட முதல் கேள்வி, "அவன் எங்கே?"

"வெளியில உக்காந்திருக்கான். செத்தவனை எவன் வீட்டுல சேர்ப்பான்?"

"என்ன அடி பாத்தியா அக்கா. அப்படியே அவங்கப்பன் கை." கொஞ்சம் மூச்சு வாங்கிக்கொண்டு சொன்னாள், "ஆனா உயிரோட இருக்குற கை."

எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. இப்படிப் பேசாதே என்று அவளைத் திட்டினேன். திட்டிவிட்டுப் பின்கட்டுக்குப் போய் அழுதேன்.

மறுநாள் பாலத்தடியில் அறுபத்தொன்பது பேர் கூடியிருக்க வேண்டும். ஒன்பது பேர்தான் வந்தார்கள். தகடு இல்லாமல் சும்மா சாக யாருக்கு மனசு வரும்? அந்த ஒன்பது பேரும் மதியச் சாப்பாட்டுக்கு வீட்டுக்குப் போய்விட்டார்கள். அவள் வீட்டு ஜன்னலுக்கு மட்டும் ஒரு மாதம் கல் வந்துகொண்டே இருந்தது.

எட்டு வருஷம் ஆகிவிட்டது. வாலு என் வீட்டில்தான் இருக்கிறான். தண்ணீர் சுமப்பான். எலும்பு இழுக்கும்போது ஆளை அமுக்கிப் பிடிப்பான். அவளோடு ஒரு வார்த்தை பேசியதில்லை. அவள் வந்தால் எழுந்து போய்விடுவான்.

சபை சும்மா இருக்கவில்லை. எதிர்ச் சுவரில் முந்நூற்று அறுபது புதுத் தகடு அடித்துவிட்டது, அத்தனையும் மொட்டை. வெட்டத்தான் கை இல்லை. அவள் இடது கைக்காரி என்பதை ஊர் எப்போதோ மறந்துவிட்டிருந்தது. இடது கையால் பழகு என்று உத்தரவு போட்டார்கள். அவளும் தினமும் மண்டபத்தில் உட்கார்ந்து ஒரு பழைய தகட்டில் பழகுகிறாள். கோடு கோழி கிறுக்கினது மாதிரி வரும். வருஷா வருஷம் வாலு நாளில் அவளை நாற்காலியில் உட்கார வைத்துவிட்டுத் தலைவர் கேட்பார், "கை தேறிச்சாம்மா?" "பழகிக்கிட்டிருக்கேன் ஐயா" என்பாள். என் வீட்டுப் புதுப் பூட்டில் அவள் இடது கையால் எண் வெட்டிக் கொடுத்தாள். அச்சில் வார்த்த மாதிரி இருந்தது. அதை வாலு ஒரு நாள் விரலால் தடவிக்கொண்டு நின்றதை நான் பார்த்தேன்.

இந்த வருஷத்து வாலு நாள் நேற்றுத்தான். சபைக்குப் புதிதாக வந்த ஒருவன், ரத்தம் சூடான ஆள், அவள் கிறுக்கிய தகட்டைத் தூக்கிப் பார்த்தான். "எட்டு வருஷமா ஒரு கோடு நேரா வரலையா? யாரை ஏமாத்துறே?" என்று அவள் இடது மணிக்கட்டைப் பிடித்து முறுக்கினான். மேடாக இருந்த இடத்திலேயே முறுக்கினான். "வெட்டு. இப்பவே என் கண்ணு முன்னாடி வெட்டு." உளியை அவள் விரல்களுக்குள் திணித்தான். பின்வரிசையில் நின்ற இளவட்டங்கள் சிலருக்குக் கண்ணெல்லாம் அந்தப் புதுச் சுவரின் மேல்தான். இன்னும் ஒரு முறுக்கு முறுக்கினால் அவள் வெட்டிவிடுவாள் என்று எனக்குப் பயமாக இருந்தது.

"கையை விடுங்க."

வாசலில் வாலு நின்றான். எட்டு வருஷத்தில் மண்டபத்துக்குள் அவன் கால் வைத்தது அதுதான் முதல் தடவை.

"அதுவும் உடைஞ்ச கைதான். அதால முடியாது" என்றான்.

"உனக்கென்னடா தெரியும்?"

"இடது கையை எங்கப்பா உடைச்சாரு. வலது கையை நான் உடைச்சேன். எனக்குத் தெரியாம வேற யாருக்குத் தெரியும்?"

செத்தவன் சொல் சபையில் எடுபடாது என்று எழுத்தர் முணுமுணுத்தார். ஆனால் எல்லோர் காதிலும் விழுந்துவிட்டது. ஏழாம் வரிசையில் ஆழமாக வெட்டியிருந்த இடியின் பெயரைச் சிலர் திரும்பிப் பார்த்தார்கள். புது ஆள் அவள் கையை விட்டான். தலைவர், "அடுத்த வருஷம் பாக்கலாம்மா" என்று எழுந்துவிட்டார்.

அவள் உளியைப் பைக்குள் போட்டுக்கொண்டு வெளியே வந்தாள், நான் கூடவே வந்தேன். அந்த எழுபது பேரில் காய்ச்சலில் போன இரண்டு பேரைத் தவிர எல்லோரும் உயிரோடு இருக்கிறார்கள். நேற்றுக் கூட்டத்திலும் அவர்களில் பாதிப் பேர் நின்றிருந்தார்கள். ஒருவனும் அவளுக்கு வழிவிடவில்லை. அவள் இடித்துக்கொண்டுதான் வந்தாள். தெரு முனையில் வாலு வழக்கம்போல என் வீட்டுப் பக்கம் திரும்பவில்லை. பத்தடி தள்ளி, அவள் வீடு வரைக்கும் அவள் பின்னாலேயே நடந்தான்.